நெட்டுக்குத்தாய் நிற்கும் கடலடி

1764இல் வீசிய ஒரு புயலில், இங்கிலாந்தின் தென்கரையை ஒட்டிய வைட் தீவின் மேற்கு முனையில், ஒல்லியாக நெடிதுயர்ந்து நின்ற வெள்ளைப் பாறை ஒன்று கடலில் சரிந்தது. உயரம் சுமார் 120 அடி. மாலுமிகள் அதை ‘லோத்தின் மனைவி’ என்று சொல்லிவந்தார்கள். பைபிளில் திரும்பிப் பார்த்து உப்புத்தூணாகிப் போனவள். அந்த முனையிலுள்ள பாறைகளுக்கு நீடில்ஸ், அதாவது ஊசிகள், என்ற பெயர் பொருந்தியதே அவளால்தான். எஞ்சியிருக்கும் மூன்று பாறைகளில் ஒன்றுகூட ஊசியைப் போல இல்லை. பருத்து, மொண்ணையாகி நிற்கின்றன. கடைசிப் பாறையின் காலடியில் சிவப்பும் வெள்ளையுமாக ஒரு கலங்கரை விளக்கம். பிரிட்டனின் சுற்றுலா அட்டைகளில் சலிக்கச் சலிக்க அச்சான காட்சி அது.

அட்டையைப் பார்ப்பவர்கள் வெண்மையைப் பார்க்கிறார்கள். வெண்மை என்றால் டோவரிலும் உண்டு, பிரான்சின் நார்மண்டிக் கரையிலும் உண்டு, டென்மார்க்கின் மோன் தீவிலும் ஜெர்மனியின் ரூகன் தீவிலும் உண்டு. வைட் தீவின் சிறப்பு, அந்தப் பாறை நிற்கும் விதம். கிடையாகப் படிந்த பழைய கடலடி ஒன்று, தீவின் நடுவே கிழக்கிலிருந்து மேற்காக, கல்வர் முனை தொடங்கி நீடில்ஸ் வரை, ஏறக்குறையச் செங்குத்தாக எழுந்து ஒரு குன்றுத்தொடராக ஓடுகிறது. அங்கே நதிகள் போகும் போக்கு, கோட்டை கட்டிய இடம், ராக்கெட் சோதித்த இடம், 1970இல் பெருங்கூட்டம் காசு கொடுக்காமல் பாட்டுக் கேட்ட இடம் எல்லாமே இந்த ஒரு சாய்விலிருந்து கிளைத்தவை என்பது என் கட்சி. வெண்மை கண்ணுக்கு. சாய்வுதான் வரலாற்றுக்கு.

முதலில் பாறை. பள்ளிக்கூடத்துச் சாக்பீஸை நினைத்துக்கொள்ள வேண்டாம். நம் ஊர்ச் சாக்பீஸ் பெரும்பாலும் ஜிப்சத்தில் வார்த்தது. அசல் வெண்சுண்ணப் பாறை மிதவை நுண்பாசிகளின் மிச்சம். கடலின் மேற்பரப்பில் வெயிலை உண்டு வாழும் இந்த ஒற்றைச்செல் உயிர்கள் தம்மைச் சுற்றிச் சுண்ணாம்புத் தகடுகளை அடுக்கிக்கொள்கின்றன. காக்கோலித் எனப்படும் அந்தத் தகட்டின் அகலம் ஒரு மில்லிமீட்டரை ஆயிரம் கூறாக்கினால் அதில் சில கூறு. பாசி மடிந்ததும், அல்லது வேறொரு சிற்றுயிர் அதைத் தின்று கழித்ததும், தகடுகள் அடியில் போய்ச் சேர்கின்றன. ஆயிரம் ஆண்டு படிந்தால் ஒன்றிரண்டு சென்டிமீட்டர் கனம் தேறும். வைட் தீவில் இந்தப் படிவின் கனம் 400 மீட்டருக்கு மேல். சுமார் 10 கோடி ஆண்டுகளுக்கு முன் தொடங்கி இரண்டு கோடி ஆண்டுகளுக்கும் மேலாக நடந்த வேலை.

இதை மனிதர்கள் கண்டுகொண்டது அண்மைக் காலத்தில்தான். ஜெர்மானிய அறிஞர் எரன்பெர்க் 1830களில் சுண்ணப் பொடியில் நுண்ணிய வட்டுகளைக் கண்டார். உயிரற்ற படிகங்கள் என்றே எண்ணினார். 1861இல் ஷெஃபீல்டைச் சேர்ந்த ஹென்றி சார்பி அவை உயிர்களின் பாகங்கள் என்று வாதிட்டார். 1868இல் நாரிச் நகரில் தாமஸ் ஹக்ஸ்லி தொழிலாளர்கள் கூட்டத்தில் ஒரு சுண்ணக்கட்டித் துண்டையே பொருளாக வைத்துப் பேசினார். அந்தத் துண்டிலிருந்து ஆழ்கடலின் சேற்றுக்கும், அங்கிருந்து பூமியின் வயதுக்கும், பரிணாமத்துக்கும் கேட்டவர்களை அவர் நடத்திச் சென்ற விதம் அறிவியல் சொற்பொழிவுக்கு இன்றும் ஒரு முன்மாதிரி. இன்றைய கடல்களில் மிக அதிகமாகப் பெருகும் காக்கோலித் பாசியின் பெயரில் அவர் பெயரும் ஒட்டிக்கொண்டது: எமிலியானியா ஹக்ஸ்லெயி.

வெண்மை எப்படி வந்தது என்பதற்கு விடை, வராமற்போன சேற்றில் இருக்கிறது. கிரெட்டேசியஸ் காலத்தின் பிற்பகுதியில் துருவங்களில் பெரும் பனிப்பாளங்கள் இல்லை. கடல் இன்றைய மட்டத்துக்கு மிக மேலே ஏறி ஐரோப்பாவின் பெரும்பகுதியை மூழ்கடித்திருந்தது. கரை வெகு தொலைவில். இருந்த கரையும் தாழ்வானது. மண்ணைக் கரைத்துக் கொண்டுவந்து கொட்ட ஆறுகள் இல்லாத கடலில் பாசித்தூள் மட்டும் கலப்படமின்றிப் படிந்தது.

அதே காலத்தில் நம் கரை எப்படி இருந்தது என்பதை அரியலூர் வட்டாரத்துப் பாறைகள் சொல்கின்றன. காரை, கல்லங்குறிச்சி, ஒட்டக்கோவில் என்று அங்கே அடுக்கடுக்காகக் கிடப்பதும் கிரெட்டேசியஸ் கடலின் படிவுதான். ஆனால் அங்கே வெண்சுண்ணம் இல்லை. களிமண், மணல், சிப்பி மண்டிய சுண்ணாம்புக்கல் என மாறிமாறி வருகின்றன. கரை பக்கத்தில் இருந்தது. ஆறுகள் தம் பங்கைக் கொட்டிக்கொண்டே இருந்தன. இந்த இரண்டு இடங்களையும் ஒரே மனிதரின் மேசை இணைத்தது. புதுச்சேரி, விருத்தாசலம், திருச்சிராப்பள்ளிப் பகுதிகளில் சென்னை ராஜதானியின் அதிகாரிகளான கேயும் கன்லிஃபும் திரட்டிய தொல்லுயிர்ச் சிப்பிகள் லண்டனுக்குப் போயின. அவற்றை ஆராய்ந்து, கிரெட்டேசியஸ் காலத்தவை என்று 1846இல் அறிக்கை வெளியிட்டவர் எட்வர்ட் ஃபோர்ப்ஸ். அவரே சில ஆண்டுகள் கழித்து வைட் தீவின் வடபாதியிலுள்ள இளைய படிவுகளை வரிசைப்படுத்தினார். 1854இல் 39 வயதில் இறந்தார். தீவைப் பற்றிய அவருடைய நூல் 1856இல், அவர் இல்லாத போது வந்தது. ஐரோப்பாவின் சிப்பிகளை அறிந்த கண்ணால்தான் தென்னிந்தியப் பாறைகளின் வயது முதலில் கணிக்கப்பட்டது. வயதைக் காட்ட வேறு கருவி ஏதும் அன்று இல்லை.

வெண்சுண்ணத்துக்குள்ளேயே வயதைப் பிரிப்பது அதைவிடக் கடினம். நூற்றுக்கணக்கான மீட்டர் ஒரே வெள்ளை. எந்த அடுக்கு எது என்று எப்படிச் சொல்வது? மார்கேட் ஊரின் மருத்துவர் ஆர்தர் ரோ இதற்கு ஒரு வழி கண்டார். மைக்ராஸ்டர் என்ற இதய வடிவக் கடல்முள்ளெலியின் ஓடுகளைக் குன்றுச்சரிவில் அடி முதல் முடி வரை வரிசையாகப் பொறுக்கினார். பல் வைத்தியரின் துளைக்கருவியால் அவற்றைச் சுத்தம் செய்தார். அடுக்கு மேலேற மேலேற ஓட்டின் வடிவம் சிறிது சிறிதாக மாறுவதை 1899இல் வெளியிட்ட கட்டுரையில் காட்டினார். இங்கிலாந்தின் வெண்சுண்ணக் கரைகளை அவர் ஒவ்வொன்றாக அளந்து எழுதிய தொடரில் வைட் தீவின் முறை 1908இல் வந்தது. தொழில்முறை நிலவியலாளர் அல்லாத ஒருவர் விடுமுறைகளில் செய்த வேலை இது.

வெள்ளைக்குள் கறுப்புக் கோடுகளாகத் தெரிபவை சக்கிமுக்கிக் கற்கள். கடற்பஞ்சுகளின் உடலில் இருந்த சிலிக்கா கரைந்து, சேற்றில் புழுக்களும் நண்டுகளும் குடைந்த வளைகளில் மறுபடி உறைந்து உருவானவை. டோவரில் இந்தக் கோடுகள் கிடையாக ஓடும். நீடில்ஸுக்குத் தெற்கே ஸ்க்ராட்செல்ஸ் விரிகுடாவில் படகிலிருந்து அண்ணாந்து பார்த்தால், குன்றின் உச்சியிலிருந்து நீர்மட்டம் வரை செங்குத்துச் சாய்வாக இறங்குகின்றன. பாறை எழுந்து நிற்கிறது என்பதற்குச் சாட்சி அந்தக் கோடுகளே.

சக்கிமுக்கி இன்னொரு சாட்சியும் வைத்திருக்கிறது. 1802இல் ஹென்றி எங்கிள்ஃபீல்ட் என்ற பிரபு இத்தீவின் சுண்ணக் குழி ஒன்றில் கண்டதை எழுதினார்: கற்கள் பார்வைக்கு முழுசாக இருக்கின்றன, கையில் எடுத்தால் சில்லுச்சில்லாகப் பிரிந்துவிடுகின்றன. உள்ளேயே நொறுங்கி, சுற்றியிருந்த சுண்ணம் இறுகப் பிடித்திருந்ததால் உருக்குலையாமல் இருந்தவை. எங்கிள்ஃபீல்ட் சும்மா இருக்கவில்லை. உடல்நலம் இடந்தராதபோது, லண்டன் ராயல் இன்ஸ்டிடியூஷனின் உரையரங்கை வடிவமைத்த தாமஸ் வெப்ஸ்டரை 1811இல் தீவுக்கு அனுப்பினார். வெப்ஸ்டர் வரைபடக்காரர், கண் கூர்மையானது. தீவின் இரு முனைகளிலும் அடுக்குகள் செங்குத்தாக நிற்பதையும், நடுவேயுள்ள குன்றுத்தொடர் அவ்விரண்டையும் இணைக்கும் ஒரே பாறை என்பதையும், அதே வரி கடலைத் தாண்டி டார்செட் கரையில் தொடர்வதையும் அவர் எழுதிய கடிதங்கள் எங்கிள்ஃபீல்டின் 1816ஆம் ஆண்டு நூலில் இடம்பெற்றன. பார்ப்பதற்கு அது அழகுக் காட்சிகளின் ஆடம்பர நூல். உள்ளே இருப்பது இங்கிலாந்தின் அமைப்பியல் நிலவியலின் தொடக்கங்களில் ஒன்று.

எது தூக்கி நிறுத்தியது? நூறாண்டுக்கும் மேலாக விடை “ஆல்ப்ஸ்” என்ற ஒரே சொல்லாக இருந்தது. ஆப்பிரிக்கா வடக்கே நெருக்க, ஐரோப்பா மடிந்தது. ஆல்ப்ஸ் மலை எழுந்தது. அதன் அதிர்ச்சி இங்கே ஒரு சுருக்கமாக முடிந்தது. தவறில்லை, ஆனால் பாதிதான். எண்ணெய் தேடியவர்கள் நிலத்துக்குள் அதிர்வலைகளை அனுப்பி எடுத்த படங்கள் மீதிப் பாதியைக் காட்டின. குன்றுத்தொடருக்கு நேர் கீழே, மிக ஆழத்தில், பழைய நிலப்பிளவு ஒன்று கிழக்கு மேற்காக ஓடுகிறது. ஜுராசிக் காலத்திலும் கிரெட்டேசியஸின் முற்பகுதியிலும் நிலம் இழுபட்டபோது அந்தப் பிளவின் தென்பக்கம் இறங்கியது. அங்கே கனத்த படிவுகள் சேர்ந்தன. பிறகு வெண்சுண்ணம் இருபக்கத்தையும் ஒரே சீராக மூடியது. பின்னால் நெருக்கம் வந்தபோது, இறங்கிய தென்பக்கமே அதே பிளவின் வழியாக மேலே தள்ளப்பட்டது. படிக்கட்டின் மேல் விரித்த ஜமக்காளம் படியின் விளிம்பில் மடங்கித் தொங்குவதைப் போல, மேலேயிருந்த வெண்சுண்ணம் தெற்கே உயர்ந்தும் வடக்கே தாழ்ந்தும், நடுவில் செங்குத்தாகவும் ஆயிற்று. ஒரே மூச்சில் நடந்ததன்று. இயோசீன் காலத்திலேயே மேடு எழத் தொடங்கியதற்கு, அந்தக் காலப் படிவுகளில் அரித்து வந்து விழுந்த சுண்ணமும் சக்கிமுக்கியும் ஆதாரம். பெரிய நெருக்கம் அதன்பின், சுமார் 3 கோடி ஆண்டுகளுக்கு முன்பும் பின்பும்.

இந்தக் கதை முழுவதையும் ஓரிடத்தில் கண்ணால் பார்க்க வேண்டுமென்றால் ஆலம் விரிகுடாவுக்குப் போக வேண்டும். விரிகுடாவின் தெற்குச் சுவர் வெண்சுண்ணம். அதை ஒட்டி வடக்கே மஞ்சள், சிவப்பு, பழுப்பு, சாம்பல், வெள்ளை என மணலும் களிமண்ணும் பட்டை பட்டையாக, செங்குத்தாக நிற்கின்றன. கிடையாக இருந்தால் இவற்றைப் பார்க்க நூற்றுக்கணக்கான மீட்டர் ஆழத்துக்குத் துளையிட வேண்டும். இங்கே கடற்கரையில் காலாற நடந்தால் போதும். ஒவ்வொரு அடிக்கும் காலம் இளமையாகிக்கொண்டே போகும். வெள்ளையும் களிமண்ணும் தொடும் அந்தக் கோட்டில்தான் வியப்பு அதிகம். இரண்டுக்கும் நடுவே ஏறத்தாழ இரண்டு கோடி ஆண்டுகளின் படிவு காணாமல் போயிருக்கிறது. டைனோசர்கள் அழிந்த காலமும் அதற்குள் அடக்கம். சுற்றுலாப் பயணிகள் கண்ணாடிக் குப்பிகளில் வண்ண மணலை அடுக்கி வாங்கிப் போகிறார்கள். விக்டோரியா காலத்திலிருந்து நடக்கும் வியாபாரம். காணாமற்போன காலத்தைக் குப்பியில் அடைக்க முடிந்தால் நான் அதைத்தான் வாங்குவேன்.

செங்குத்தாக நிற்பதன் முதல் விளைவு ஒல்லியான முகடு. படுத்த வெண்சுண்ணம் பல மைல் அகலத்துக்குப் பரந்த மேட்டுநிலமாகும். தென் இங்கிலாந்தின் சாலிஸ்பரி சமவெளி அப்படிப்பட்டது. நிமிர்ந்தால் அதன் அகலம் அதன் கனத்துக்குச் சுருங்கிவிடும். தீவின் கிழக்கிலும் மேற்கிலும் முகடு ஒடுங்கியே ஓடுகிறது. நடுவில், பிரைஸ்டோன் பக்கம், மடிப்பின் சாய்வு தளர்வதால் குன்றுகள் அகன்று 214 மீட்டர் வரை உயர்கின்றன. முகட்டுக்குத் தெற்கே மடிப்பின் கூரை அரித்துப்போய், உள்ளிருந்த பழைய மணற்பாறைகளும் டைனோசர் எலும்புகள் கிடைக்கும் களிமண்ணும் வெளிப்பட்டுவிட்டன. அந்தக் கூரையின் ஒரு துண்டு தெற்கே வென்ட்னர் ஊருக்கு மேல் இன்னும் கிடையாகக் கிடக்கிறது. நெருக்குண்டதால் செங்குத்துச் சுண்ணம் மற்ற இடங்களைவிடக் கெட்டிப்பட்டும் இருக்கிறது. நீடில்ஸ் இன்னும் நிற்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

இரண்டாவது விளைவு நதிகளில் தெரிகிறது. மேற்கு யார், மெடினா, கிழக்கு யார் என்று மூன்று சின்ன ஆறுகள். மூன்றும் தெற்கிலிருந்து வடக்கே ஓடி, குறுக்கே நிற்கும் குன்றுத்தொடரை வெட்டிக்கொண்டு போகின்றன. குன்றைச் சுற்றிப் போக முடியாத நீர் அதைக் குடைந்தது என்று எண்ணக் கூடாது. குன்று வெளிப்படும் முன்பே, மடிப்பின் முழுக் கூரையும் இருந்த காலத்தில், அதன் வடசரிவில் இறங்கிய ஆறுகள் இவை. நிலம் தேயத் தேயத் தம் தடத்தை விடாமல் கீழே வெட்டின. முகடு பிறகுதான் இருபுறமும் மண் கழிந்து தனியே நின்றது. மேற்கு யாரின் நிலைமை விநோதம். ஃப்ரெஷ்வாட்டர் விரிகுடாவில், தென்கடலின் கூழாங்கல் கரைக்குச் சற்றே பின்னால் அது பிறக்கிறது. கடலுக்கு முதுகைக் காட்டி வடக்கே சில கிலோமீட்டர் ஓடி யார்மத்தில் சோலன்ட் நீரிணையில் கலக்கிறது. கழிமுகமோ இந்த ஓடைக்குச் சற்றும் பொருந்தாத அகலம். தெற்கே இருந்த அதன் மேல்பகுதி முழுவதையும் கடல் தின்றுவிட்டது. தலை போன ஆறு.

கடல் தின்றதில் பெரிய கவளம் மேற்கே இருக்கிறது. நீடில்ஸிலிருந்து டார்செட்டின் ஓல்ட் ஹாரி பாறைகள் வரை இருபது கிலோமீட்டருக்கு மேல் திறந்த கடல். இரு முனையிலும் அதே வெள்ளை. ஒரு காலத்தில் இடையில் முகடு இருந்தது. அதன் வடக்கே டார்செட்டின் ஃப்ரோம் போன்ற ஆறுகள் சேர்ந்து கிழக்கு நோக்கி ஒரு பெரிய ஆறாக, இன்றைய சோலன்ட் வழியே ஓடின. முகடு உடைந்தது எப்போது என்பதில் ஆய்வாளர்கள் இன்னும் ஒத்துப்போகவில்லை. கடைசிப் பனியுகத்தில் கடல் நூறு மீட்டருக்கும் கீழே இறங்கியிருந்தது. உருகிய பனியோடு அது திரும்பி ஏறியபோது இந்த நிலம் தீவாயிற்று என்பதில் சந்தேகமில்லை. ஏறும் கடலைப் பார்த்த மனிதர்களும் இருந்தார்கள். யார்மத்துக்குக் கிழக்கே போல்ட்னர் கரைக்கு அப்பால், சுமார் 11 மீட்டர் ஆழத்தில், 1999இல் முக்குளிப்பவர்கள் ஒரு சிங்கி இறால் தன் வளையிலிருந்து வெளியே தள்ளிய கற்களைக் கண்டார்கள். அவை மனிதக் கை செதுக்கிய சக்கிமுக்கித் துண்டுகள். தோண்டியபோது அடுப்புகளும் வேலைப்பாடுள்ள மரங்களும் வெளிவந்தன. சுமார் 8,000 ஆண்டுப் பழமை. உலர்ந்த தரையில் மக்கிப்போயிருக்கும் மரம் கடற்சேற்றில் கெடாமல் இருந்தது.

கரையிலிருந்த மனிதர்கள் முகட்டை முதலில் இடுகாடாக்கினார்கள். வெண்கலக் கால மண்மேடுகள் உச்சியெங்கும் கிடக்கின்றன. பிறகு காவல் மேடை. 1377இல் பிரெஞ்சுக்காரர்கள் தீவைக் கொளுத்தினார்கள். 1545இல் மறுபடி வந்திறங்கினார்கள். கேரிஸ்புரூக் கோட்டை வெண்சுண்ணக் குன்றின் மேல் இருக்கிறது; சுண்ணம் மழையைக் குடித்து ஆழத்தில் வைத்துக்கொள்ளும் பாறையாதலால் அதன் கிணறு 161 அடி இறங்குகிறது. கழுதை நடந்து சுற்றும் இறைவைச் சக்கரம் 1587இல் வந்தது. பார்வையாளர்களுக்காகக் கழுதைகள் இன்றும் நடக்கின்றன. முதலாம் சார்ல்ஸ் மன்னர் 1647–48இல் அங்கே சிறையிருந்தார். ஜன்னல் கம்பிகளுக்கிடையே நுழைந்து தப்பப் பார்த்துச் சிக்கிக்கொண்டார்.

கப்பல்களுக்கு முகட்டின் மேற்கு முனை எமன். 1811இல் பாரசீகத்திலிருந்து பிரிட்டிஷ் தூதரையும், ஷா அனுப்பிய குதிரைகளையும் ஏற்றி வந்த பொமோன் என்ற போர்க்கப்பல், உலகின் பாதியைக் கடந்து வந்து ஊர் வாசலில் நீடில்ஸில் மோதி உடைந்தது. கப்பலிலிருந்தவர்கள் பிழைத்தார்கள். விளக்கு அப்போதும் இருந்தது. 1786இல் குன்றின் உச்சியில், கடலுக்கு மேல் 144 மீட்டரில் ஏற்றியது. வேண்டிய நேரத்தில் மூடுபனிக்குள் மறைந்துவிடும் விளக்கு. அந்தத் தவறைத் திருத்த 1859இல்தான் கடைசிப் பாறையின் அடியில் இன்றைய கலங்கரை விளக்கம் எழுந்தது. 1994இல் தானியங்கியானதும் காவலர்கள் இறங்கினார்கள்.

போர்ட்ஸ்மத் கடற்படைத் தளத்துக்குப் போகும் வழியை நீடில்ஸ் முனை மேலிருந்து நோக்குகிறது. பிரெஞ்சு அச்சத்தில் 1860களில் அங்கே பீரங்கி மேடை கட்டினார்கள். சுட்டால் குன்றே உதிருமோ என்ற கவலை வந்தது. வெண்சுண்ணம் பீரங்கியின் அதிர்ச்சிக்கு ஏற்ற அடித்தளமன்று. 1895இல் சற்று மேலே புதிய மேடை கட்டி அங்கே மாற்றினார்கள். எதிரி கடைசிவரை அந்த வழியாக வரவில்லை.

1897இன் இறுதியில் ஆலம் விரிகுடாவின் ஹோட்டலில் மார்க்கோனி ஒரு கம்பத்தை நட்டு நிலையான கம்பியில்லாத் தந்தி நிலையம் ஒன்றைத் தொடங்கினார். 1898இல் அங்கு வந்த கெல்வின் பிரபு, தாம் அனுப்பிய செய்திக்குக் காசு கொடுத்தே தீருவேன் என்று நின்றார்; வானொலி அலையில் போன முதல் கட்டணச் செய்தி அது. அதே ஆண்டுகளில் மெடினா ஆறு முகட்டை வெட்டும் ஷைட் என்ற இடத்தில் ஜான் மில்ன், ஜப்பானிலிருந்து திரும்பி, உலகின் நிலநடுக்கப் பதிவுகளையெல்லாம் தம் வீட்டுக்கு வரவழைத்துக்கொண்டிருந்தார். அவர் வடிவமைத்த கருவி கொடைக்கானல் வானாய்வகத்திலும் வேலை செய்தது. ஷைட்டில் பெரிய சுண்ணக் குழியும் உண்டு. அதன் சுண்ணம் ரயிலில் மெடினா கரையின் சிமென்ட் ஆலைக்குப் போயிற்று. அந்த ஆலை மூடிப் பல காலமாகிறது. அரியலூரில் அதே யுகத்துச் சிப்பிப் பாறையை வெட்டும் ஆலைகள் இன்றும் ஓடுகின்றன.

மேற்கு யார் முகட்டை வெட்டிய ஃப்ரெஷ்வாட்டர் இடைவெளியின் மனிதர்களைப் பற்றித் தனியே சொல்ல வேண்டும். கவிஞர் டென்னிசன் 1853இல் அங்கே ஃபேரிங்ஃபோர்ட் வீட்டுக்குக் குடிவந்தார். நாள்தோறும் அவர் நடந்த 147 மீட்டர் உயரக் குன்று இன்று அவர் பெயரில் இருக்கிறது. உச்சியில் 1897இல் நிறுவிய நினைவுச் சிலுவை. அவரைப் பின்தொடர்ந்து 1860இல் வந்தவர் கல்கத்தாவில் பிறந்த ஜூலியா மார்கரெட் கேமரன். அவர் கணவர் சார்ல்ஸ் ஹே கேமரன் இலங்கையின் நிர்வாகத்தையும் நீதிமுறையையும் மாற்றியமைத்த கோல்புரூக்-கேமரன் ஆணைக்குழுவில் ஒருவர். மலையகத்தில் அவர்களுக்குக் காப்பித் தோட்டம் இருந்தது. ஃப்ரெஷ்வாட்டர் வீட்டுக்கு டிம்போலா என்று அந்தத் தோட்டத்தின் பெயரையே வைத்தார்கள். நாற்பத்தெட்டு வயதில் மகள் பரிசளித்த கேமரா ஜூலியாவின் கைக்கு வந்தது. கோழிக்கூட்டைக் கண்ணாடி அறையாக்கி, நிலக்கரிக் கொட்டிலை இருட்டறையாக்கி, டென்னிசனையும், 1868 கோடையில் அங்கே தங்கிய டார்வினையும், கதவைத் தட்டிய வேலைக்காரப் பெண்களையும் ஒரே கவனத்தோடு படமெடுத்தார்.

1875இல் கேமரன் தம்பதி இலங்கைக்கே போய்விட்டார்கள். காப்பிச் செடியை இலைத்துரு நோய் அரித்துக்கொண்டிருந்த காலம் அது. களுத்துறையில் ஜூலியா எடுத்த படங்களில் எஞ்சியவை சொற்பம். உள்ளூர் மக்களும் தோட்டக் கூலிகளும் அவற்றில் இருக்கிறார்கள். ஃப்ரெஷ்வாட்டர் முகங்களுக்குப் பெயர் உண்டு. இவர்களில் பெரும்பாலோருக்குப் பெயர் பதிவாகவில்லை. அந்த வேறுபாட்டைக் கலைத்திறனைப் புகழும் கட்டுரைகள் எளிதாகக் கடந்துவிடுகின்றன. 1879 ஜனவரியில் இறந்த அவர், மலையகத் தமிழர் வாழும் பொகவந்தலாவையின் புனித மரியாள் தேவாலய வளாகத்தில் அடக்கமானார்.

இருபதாம் நூற்றாண்டு முகட்டின் சாய்வை வேறு வகையில் பயன்படுத்திக்கொண்டது. நீடில்ஸுக்கு மேலே ஹை டவுன் உச்சியில், கடலைப் பார்த்துக் கிண்ணமாகக் குழிந்த குன்றுமுனையில், 1956 முதல் ராக்கெட் எஞ்சின்களைச் சோதிக்கும் மேடைகள் எழுந்தன. கௌஸ் நகரின் சாண்டர்ஸ்-ரோ நிறுவனம் முதலில் பிளாக் நைட், பிறகு பிளாக் ஆரோ ராக்கெட்டுகளை உருவாக்கியது. எரிபொருள் மண்ணெண்ணெய், அதை எரிக்க அடர் ஹைட்ரஜன் பெராக்சைடு. பெராக்சைடு வெள்ளி வலையில் பட்டதும் கொதிநீராவியாகவும் ஆக்சிஜனாகவும் பிரியும். புகை என்று பெரிதாக ஒன்றுமில்லை. இரைச்சலும் ஆவியும் கடலின் மேல் போயின. எழுந்து நிற்கும் கடலடியின் விளிம்பு அந்த வசதியை இலவசமாகத் தந்தது. இங்கே சோதித்த ராக்கெட்டுகளைக் கழற்றி ஆஸ்திரேலியாவின் வூமெராவுக்கு அனுப்பி அங்கிருந்து ஏவினார்கள். 1971 ஜூலையில் அரசு திட்டத்தைக் கைவிட்டதாக அறிவித்தது. ஏற்கெனவே கப்பலேறிவிட்ட கடைசி பிளாக் ஆரோ அக்டோபர் 28இல் பிராஸ்பெரோ செயற்கைக்கோளைச் சுற்றுப்பாதையில் வைத்தது. பிரிட்டன் தன் ராக்கெட்டில் ஏவிய ஒரே செயற்கைக்கோள் அதுதான். வேலை முடிந்தும் இன்னும் சுற்றிக்கொண்டிருக்கிறது. ஹை டவுனில் சிமென்ட் தளங்கள் வெயிலில் கிடக்கின்றன.

அதற்கு முந்தைய ஆண்டு, 1970 ஆகஸ்ட் கடைசியில், முகட்டின் வடசரிவு வேறொரு கணக்கைக் கெடுத்தது. கிழக்கு ஆஃப்டன் பண்ணையில் இசைவிழா. ஜிமி ஹென்ட்ரிக்ஸ், தி டோர்ஸ், தி ஹூ என்று பட்டியல். அமைப்பாளர்கள் மைதானத்தைச் சுற்றி வேலி போட்டுச் சீட்டு விற்றார்கள். ஆனால் வேலிக்குப் பின்னால் ஆஃப்டன் குன்று அரங்கின் படிவரிசையாக நின்றது. சீட்டில்லாதவர்கள் அங்கே கூடாரமடித்து எல்லாவற்றையும் பார்த்தார்கள், கேட்டார்கள். வந்தவர்கள் ஆறு லட்சம் என்று அடிக்கடி சொல்கிறார்கள். தீவின் மக்கள்தொகையைப் போலப் பல மடங்கு. கடைசியில் விழாவே இலவசமாயிற்று. 1971இல் நாடாளுமன்றம் இந்தத் தீவுக்கென்றே ஒரு சட்டம் இயற்றி, 5,000 பேருக்கு மேல் இரவு தங்கும் திறந்தவெளிக் கூட்டங்களுக்கு உரிமம் வேண்டுமென்றது. இந்தச் சட்டத்தின் வேர் ஒரு நிலவியல் மடிப்பில் இருக்கிறது என்று சொன்னால் வழக்கறிஞர்கள் சிரிக்கலாம்.

புல்லைப் பற்றி ஒரு வார்த்தை. குன்றின் மேல் கிடக்கும் குறும்புல் வெளி இயற்கை விரித்ததல்ல. ஆடுகள் மேய்ந்து மேய்ந்து உண்டாக்கியது. மண் மெல்லியது, உரமில்லாதது. அதனாலேயே முரட்டுப் புல் மற்றதை அமுக்காமல் சதுர அடிக்குள் பல வகைச் செடிகள் பிழைக்கின்றன. நீல வண்ணத்துப்பூச்சிகளில் சில இனங்களுக்கு இதுவே வீடு. 1950களில் முயல்களை மிக்ஸோமாட்டோசிஸ் நோய் வாரிக்கொண்டு போனபோது புதர் ஏறி வெளியின் ஒரு பகுதியை மூடியது. கல்வர் முனையில் 1780வாக்கில் கடைசியாகக் கூடு கட்டிய வெண்வால் கடற்கழுகுகளை 2019 முதல் தீவில் மறுபடி கொண்டுவந்து விட்டிருக்கிறார்கள்.

முகட்டின் தெற்கு விளிம்பில் 1860களின் ராணுவப் பாதை, 1930களில் பொதுச்சாலையாகி, ஆஃப்டன் குன்றின் கடலோரத்தில் ஓடுகிறது. சாலைக்கும் விளிம்புக்கும் இடையிலான தூரம் குறைந்துகொண்டே வருகிறது. பாறைக்குள் எஃகு நங்கூரம் அறைந்து நிறுத்தியிருக்கிறார்கள். ஃப்ரெஷ்வாட்டர் விரிகுடாவின் வளைவுப் பாறை 1992 அக்டோபரில் விழுந்தது. பக்கத்திலுள்ள ஸ்டாக் பாறை நிற்கிறது. இவற்றைவிடக் கவலை தருவது அந்த விரிகுடாவின் தாழ்ந்த கூழாங்கல் மேடு. அதற்குப் பின்னால் மேற்கு யாரின் சதுப்பு நிலம் யார்மத் வரை எந்தத் தடையுமின்றிக் கிடக்கிறது. தடுப்புச் சுவரைப் பேணாமல் விட்டால் தென்கடல் அந்த மேட்டைத் தாண்டி ஆற்றின் பள்ளத்தில் இறங்கும். டென்னிசன் குன்றும் நீடில்ஸும் அப்போது ஒரு தனித் தீவில் இருக்கும். கடற்கரைக் காப்புத் திட்டம் தீட்டுவோர் இந்தச் சாத்தியத்தையும் கணக்கில் வைத்தே சுவருக்குச் செலவு ஒதுக்குவதைப் பற்றி வாதிடுகிறார்கள்.